ஏணி இல்லாத பட்டியல்

1

கால்பந்துப் பருவம் ஒன்றைப் பற்றி இலக்கியப் பத்திரிகையில் எழுதுவதற்கு முன்னால் ஒரு சமாதானம் சொல்லிவிட வேண்டும் என்று நண்பர் ஒருவர் எச்சரித்தார். எனக்கு அந்த அவசியம் தோன்றவில்லை. விமர்சனம் என்பது தரத்தை நிர்ணயிக்கும் காரியம் என்று நாம் வெகுகாலமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறோம். தரம் என்பது ஆட்டத்தில் நிர்ணயமாகிறதா, ஆட்டத்துக்கு வெளியே வேறெங்கோ நிர்ணயமாகிறதா என்ற கேள்வி 2018-19 ஐ-லீக் பருவத்தில் எழுந்த அளவு அப்பட்டமாக, சமீபத்திய தமிழ்ப் புத்தகம் எதிலும் எழுந்ததாக எனக்கு ஞாபகமில்லை. ஆகவே இதை எழுதுகிறேன்.

முதலில் வடிவம் பற்றி. ஒரு ஆட்டம் தொண்ணூறு நிமிஷத்தில் முடிந்துவிடுகிறது, சிறுகதை மாதிரி. அதற்கு ஒரு உச்சம், ஒரு முடிவு. பருவம் அப்படியல்ல. இருபது ஆட்டங்கள், நாலரை மாதங்கள், பதினோரு அணிகள். ஒவ்வொரு அணியும் மற்ற பத்து அணிகளோடும் இரண்டு தடவை, சொந்த ஊரில் ஒன்றும் அந்நிய ஊரில் ஒன்றுமாக மோதுகிறது. அதிர்ஷ்டம் ஒரு நாளைக்கு ஒருவன் பக்கம் இருக்கும், இருபது நாளும் இருக்காது. நாவலுக்கு நாம் கேட்கிற கால விஸ்தாரம் இங்கே விதியாகவே இருக்கிறது. ஆனால் தமிழ்த் தினசரிகளின் விளையாட்டுப் பக்கத்துக்குப் பருவம் என்ற பிரக்ஞையே கிடையாது. 'திரில் வெற்றி', 'கோல் மழை', 'பந்தாடியது' - இந்த மூன்று சொற்களை மாற்றி மாற்றிப் போட்டு ஒவ்வொரு ஆட்டத்தையும் அனாதையாக விட்டுவிடுகிறார்கள். இன்று ஜெயித்த அணி நேற்று ஏன் தோற்றது, நாளை அதனால் யாருக்கு என்ன ஆகும் என்பதெல்லாம் அச்சில் வருவதில்லை. கிரிக்கெட்டுக்கு உண்டாக்கிய மொழியைக் கழற்றிக் கால்பந்துக்கு மாட்டியிருக்கிறார்கள். சட்டை பொருந்தவில்லை.

'சீசன்' என்ற சொல்லைக்கூட எங்கள் ஊரில் மாம்பழத்துக்கும் கந்தூரிக்கும்தான் சொல்வார்கள். காரைக்கால் அரசலாற்றின் கடைசியில், கடலுக்கு முன்னால் இருக்கிறது. விவசாயிகள் போகம் என்பார்கள். குறுவை போனால் தாளடி இருக்கிறது என்ற கணக்கு அதில் உண்டு. கால்பந்துப் பருவத்தின் உள்ளர்த்தமும் அதுதான். இந்தப் போகம் போனால் அடுத்த போகம். ஆனால் இந்தப் போகத்தில் விளைந்ததை வைத்துத்தான் அடுத்த போகத்தில் உன் நிலம் எது என்று தீர்மானமாகும். விளைந்தவன் மேலே போவான், விளையாதவன் கீழே இறங்குவான். உலகத்தில் பெரும்பாலான லீகுகள் இந்த ஒரு நியாயத்தின் மேல்தான் நிற்கின்றன.

2

இந்தியாவில் 1996இல் தேசியக் கால்பந்து லீக் தொடங்கியது. 2007இல் அது ஐ-லீக் ஆயிற்று. 2010 டிசம்பரில் அகில இந்தியக் கால்பந்து சம்மேளனம் ஐஎம்ஜி-ரிலையன்ஸ் நிறுவனத்தோடு பதினைந்து வருஷத்துக்கு எழுநூறு கோடி ரூபாய் ஒப்பந்தம் போட்டது. அதிலிருந்து 2014இல் இந்தியன் சூப்பர் லீக் பிறந்தது. அதில் இடம் பிடிக்க ஆட்டத்தில் ஜெயித்தாக வேண்டியதில்லை. உரிமைக் கட்டணம் கட்ட வேண்டும். மூன்று வருஷம் இரண்டும் வருஷத்தின் வெவ்வேறு மாதங்களில் நடந்தன. 2017இலிருந்து ஒரே சமயத்தில், ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்றாக. எது முதலாவது, எது இரண்டாவது என்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொல்லாமலே எல்லோருக்கும் தெரிந்திருந்தது. டிசம்பர் 2018இல், பருவத்தின் நடுவிலேயே, ஐ-லீகின் எஞ்சிய ஆட்டங்களில் ஒரு பகுதியை மட்டுமே தொலைக்காட்சியில் காட்டுவது என்று ஆனபோது மிச்சமிருந்த சந்தேகமும் தீர்ந்தது.

பெயர்களைக் கவனிக்க வேண்டும். செர்பியாவில் மேலே இருப்பது சூப்பர் லீகா. அதற்குக் கீழே இருக்கும் இரண்டாம் வரிசைக்குப் பெயர் 'ப்ர்வா லீகா', அதாவது முதல் லீக். இங்கிலாந்தில் இரண்டாம் வரிசையின் பெயர் சாம்பியன்ஷிப். இரண்டாவதை இரண்டாவது என்று சொல்லக் கூசிப் பெயரை உயர்த்துகிற வழக்கம் எல்லா ஊரிலும் இருக்கிறது. இதில் பெரிய தப்பில்லை, ஏனென்றால் அந்த ஊர்களில் ஏணி நிஜமாக இருக்கிறது. செர்பியாவின் 'முதல் லீகில்' முதலில் வந்தவன் அடுத்த வருஷம் பெல்கிரேடின் பெரிய அணிகளோடு ஆடுவான். இங்கே ஏணியின் மேல் பாதி கிடையாது, கீழ்ப் பாதி மட்டும் உண்டு. 2018-19 பருவத்தின் முடிவில் ஐ-லீகில் கடைசியாக வந்த ஷில்லாங் லஜோங் கீழே இறங்கியது. முதலாவதாக வந்தவன் ஏறுவதற்கு ஒன்றும் இல்லை.

முதலாவதாக வந்தது சென்னை சிட்டி. பெயர் சென்னை, ஆடியது கோயம்புத்தூரில். 2016-17இல்தான் ஐ-லீகுக்குள் நுழைந்தார்கள், முந்தின வருஷம் எட்டாவது. பயிற்சியாளர் அக்பர் நவாஸ் சிங்கப்பூர்க்காரர். முன்னால் பெட்ரோ மான்ஸி, உருகுவேயில் பிறந்தவர். அவரோடு நெஸ்டர் கோர்டில்லோ, சாண்ட்ரோ ரொட்ரீகஸ், பின்னால் ரொபர்ட்டோ எஸ்லாவா. இவர்கள் யாரும் பார்ஸிலோனாவில் ஆடிவிட்டு வயதான காலத்தில் சம்பளத்துக்கு இந்தியா வந்த நட்சத்திரங்கள் அல்ல. ஸ்பெயினின் கீழ்வரிசை லீகுகளில், பெயர் தெரியாத மைதானங்களில் ஆடிக்கொண்டிருந்தவர்கள். அவர்களோடு எட்வின் சிட்னி வன்ஸ்பால், அலெக்ஸாண்டர் ரொமாரியோ ஜேசுராஜ், அஜித் குமார் என்று நம் பக்கத்துப் பையன்கள். முந்தின வருஷம் இந்த அணியின் நடுக்களத்தில் பிரகாசித்த குமரிக் கடற்கரைப் பையன் மைக்கேல் சூசைராஜ் பருவம் தொடங்குமுன்பே ஜாம்ஷெட்பூருக்கு, அதாவது 'மேலே', போய்விட்டார். ஆட்டக்காரன் ஏறலாம், அணிதான் ஏற முடியாது.

இரண்டு தேசத்து இரண்டாம் வரிசை ஆட்டக்காரர்களும் சேர்ந்து ஆடிய ஆட்டத்தில் ஒரு பாணி இருந்தது. அதைத்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். பந்தைக் கோல்கீப்பர் தூக்கி அடித்து அதிர்ஷ்டத்தை நம்பி ஓடுவது நம் ஊர் வழக்கம். இவர்கள் பின்னாலிருந்து குட்டிக் குட்டிப் பாஸ்களாகக் கட்டிக்கொண்டு வந்தார்கள். அதில் ஆபத்து அதிகம், தவறினால் சொந்தக் கோல் வாசலிலேயே மாட்டிக்கொள்ள நேரும். சில சமயம் மாட்டிக்கொள்ளவும் செய்தார்கள். ஆனாலும் விடவில்லை. தனக்கென்று ஒரு உரைநடை வேண்டும் என்று தீர்மானித்தவன், முதல் பத்துக் கதைகளில் வாசகனை இழந்தாலும் பரவாயில்லை என்று நினைப்பதற்குச் சமமான பிடிவாதம் இது. மான்ஸி அந்தப் பருவத்தில் 21 கோல் போட்டார். சர்ச்சில் பிரதர்ஸின் வில்லிஸ் பிளாஸாவும் 21.

3

மார்ச் தொடக்கத்திலேயே முடித்திருக்க வேண்டிய காரியம், சர்ச்சில் பிரதர்ஸிடம் தோற்றதால் கடைசி நாளுக்குப் போனது. 9 மார்ச் 2019, சனிக்கிழமை. சென்னை சிட்டி 40 புள்ளி, ஈஸ்ட் பெங்கால் 39. இவர்கள் கோவையில் மினர்வா பஞ்சாபோடு. அவர்கள் கோழிக்கோட்டில் கோகுலம் கேரளாவோடு. இரண்டும் ஒரே நேரத்தில்.

முந்தின நாள் சாயங்காலம் காரைக்காலிலிருந்து எர்ணாகுளம் போகும் வண்டியில் ஏறினேன். கூட அக்கா மகன் வந்தான். அப்போது அவனுக்குப் பதினாறு வயது. பள்ளிக்கூட அணியில் இடது ஓரம் ஆடுகிறவன், நன்றாகவே ஆடுவான். கடற்கரையில் சாயங்காலம் வெறுங்காலோடு ஆடிப் பழகிய கால், மணலில் பந்தை அடக்கத் தெரிந்த கால். வண்டியில் தூங்காமல் கேள்வி கேட்டுக்கொண்டே வந்தான். சாம்பியன் ஆனால் அடுத்த வருஷம் சூப்பர் லீகில் ஆடுவார்களா என்பதுதான் அதில் முக்கியமான கேள்வி. நல்லா ஆடுறவன எத்தன நாள்டா வெளிய நிறுத்தி வைக்க முடியும் என்று நான் சொன்னேன். கேள்விக்கு அது பதில் இல்லை என்று எனக்குத் தெரியும். ஆனாலும் சொன்னேன்.

வ.உ.சி. பூங்காவுக்குப் பக்கத்தில் நேரு விளையாட்டரங்கம். ஓட்டப்பந்தயத் தடம் நடுவில் இருப்பதால் மைதானம் கண்ணுக்குத் தூரமாகத்தான் இருக்கும். மூன்றாம் நிமிஷத்திலேயே மினர்வாவின் ரோலண்ட் பிலாலா கோல் போட்டுவிட்டார். முந்தின வருஷச் சாம்பியன்கள் அவர்கள்; இந்த வருஷம் இழக்கவோ அடையவோ ஒன்றுமில்லாமல் வந்து, ஒழுங்காக ஆடினார்கள். இடைவேளை வரை ஒன்று பூஜ்யம். எங்களைச் சுற்றியிருந்தவர்கள் எல்லோரும் கைபேசியில் கோழிக்கோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கண்ணெதிரில் ஒரு ஆட்டம், உள்ளங்கையில் ஒரு ஆட்டம். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் அன்று நடந்தது என்ன என்பது புரியும். பருவம் என்பது நாம் பார்க்கிற ஆட்டத்துக்கு வெளியிலும் நடந்துகொண்டிருக்கிறது என்பதை இதைவிடத் தெளிவாக நான் உணர்ந்ததில்லை.

56ஆம் நிமிஷத்தில் பெனால்ட்டி. மான்ஸி அடித்துச் சமன் செய்தார். ஆனால் சமன் போதாது. அங்கே ஈஸ்ட் பெங்கால் ஜெயித்தால் ஒரு புள்ளியில் போய்விடும். அதற்கப்புறம் நடந்ததை அறிக்கைகள் 'ஸ்பானிய மாயம்' என்று வர்ணிக்க ஆசைப்பட்டிருக்கும். சௌகரியமில்லாமல் போய்விட்டது. மீதி இரண்டு கோலையும் போட்டவர் கௌரவ் போரா, அஸ்ஸாமிலிருந்து வந்த தடுப்பாட்டக்காரர். பருவம் முழுக்கக் கோல் போடுகிறவர்களின் பெயரால் பேசப்பட்ட அணியைக் கடைசியில் சாம்பியன் ஆக்கியது கோலைத் தடுப்பதற்காக வைத்திருந்த ஆள். கதாசிரியன் இப்படி எழுதியிருந்தால் செயற்கை என்று நானே சொல்லியிருப்பேன். மூன்றுக்கு ஒன்று. கோழிக்கோட்டில் ஈஸ்ட் பெங்காலும் இரண்டுக்கு ஒன்று ஜெயித்திருந்தது. 43, 42. இருபது ஆட்டத்துக்குப் பிறகு ஒரு புள்ளி.

பையன் கத்தினான், அழுதான், யாரென்று தெரியாத ஒருவரைக் கட்டிக்கொண்டான். நானும் எழுந்து நின்றேன்.

4

இனி நான் சொல்லப்போவது எண்கள் மட்டும்தான். வியாக்கியானம் தேவைப்படாது.

அதே 2018-19 பருவத்தில் இந்தியன் சூப்பர் லீகில் பத்து அணிகள். பதினெட்டு ஆட்டத்தில் ஒன்பது புள்ளி எடுத்துப் பத்தாவதாக வந்தது சென்னையின் இன்னொரு அணியான சென்னையின் எஃப்.சி. அதற்கு முந்தின வருஷம் அவர்கள் அங்கே சாம்பியன். ஆகவே திறமையற்ற அணி என்று சொல்லிவிட முடியாது. ஒரு மோசமான வருஷம், யாருக்கும் வரக்கூடியது. ஆனால் கடைசி இடத்துக்கு எந்தத் தண்டனையும் இல்லை. அடுத்த வருஷமும் அவர்கள் முதல் வரிசையில் ஆடினார்கள். ஒரே நகரத்தின் பெயரைத் தாங்கிய இரண்டு அணிகளில், ஒரு பட்டியலின் அடியில் இருந்தவன் மேலேயும் இன்னொரு பட்டியலின் உச்சியில் இருந்தவன் கீழேயும் நின்றார்கள்.

அப்படியானால் இரண்டு பட்டியல்களுக்கும் நடுவே தூரம் எவ்வளவு என்று கேட்கலாம். அதற்கும் அந்த வருஷம் ஒரு விடை கிடைத்தது. புவனேஸ்வரத்தில் நடந்த சூப்பர் கோப்பையை ஐ-லீக் அணிகள் பலவும் பகிஷ்கரித்தன. சென்னை சிட்டி ஆடியது. கால் இறுதியில் பெங்களூரு எஃப்.சி.யை, அதாவது சில வாரங்களுக்கு முன்புதான் இந்தியன் சூப்பர் லீகின் சாம்பியனாகியிருந்த அணியை, இரண்டுக்கு ஒன்று ஜெயித்தது. அடுத்த ஆட்டத்தில் கோவாவிடம் மூன்று கோலில் தோற்றது. ஒரு ஆட்டம் ஒன்றையும் நிரூபிக்காது என்பதை நான் முதலிலேயே சொல்லிவிட்டேன்; அந்த நியாயத்தை எனக்குச் சாதகமான இடத்தில் மட்டும் விட்டுவிட முடியாது. ஆனால் இடையில் கடக்க முடியாத அகழி ஒன்றும் இல்லை என்பதற்கு அந்த ஒரு ஆட்டமே போதும். பெங்களூரே இரண்டு தடவை ஐ-லீக் சாம்பியனாகிவிட்டு, 2017இல் ஏலத்தின் வழியாக மேலே போன அணிதான்.

2019 ஜூலையில் சம்மேளனம் இந்தியன் சூப்பர் லீகையே நாட்டின் முதல் லீகாக ஏற்க வேண்டுமென்று பரிந்துரைத்தது. அக்டோபரில் ஆசியச் சம்மேளனம் கோலாலம்பூரில் கூடி ஒரு வழித்தடம் வகுத்தது. ஐ-லீக் இரண்டாம் வரிசை ஆனது. 2022-23 முதல் அதன் சாம்பியன் மேலே ஏறலாம். ஆக, மார்ச்சில் நாட்டின் சாம்பியனாக இருந்தவர்கள், ஒரு பந்தும் உதைக்காமல், அக்டோபரில் இரண்டாம் வரிசையின் சாம்பியனானார்கள். இலக்கிய உலகத்தில் நமக்குப் பழக்கமான காரியம்தான். புத்தகம் மாறாமல் இருக்கும், அலமாரி மாறியிருக்கும்.

5

இந்த இடத்தில் நம்மில் பலருக்கும் ஒரு சபலம் வரும். எனக்கும் வந்தது. சிறு பத்திரிகைக்காரன் இரண்டாம் வரிசை அணியில் தன் முகத்தைப் பார்த்துக்கொள்கிற சபலம். அங்கே பணம், இங்கே கலை. அங்கே கூட்டம், இங்கே தரம். எழுதுவதற்கு எளிது, கேட்பதற்கும் சுகம். ஆனால் பொய்.

சென்னை சிட்டி ஏழை அணி ஆகலாம், ஆனால் மண்ணில் முளைத்த அணி இல்லை. வேறு ஊரின் பெயரோடு கோவையில் ஆடியது. வெளிநாட்டு ஆட்டக்காரர்களை அதுவும் விலை கொடுத்துத்தான் கொண்டுவந்தது. ஜெயித்த வருஷமே ஸ்விட்சர்லாந்தின் எஃப்.சி. பாஸல் அதில் இருபத்தாறு சதவீதப் பங்கு வாங்கியது. 2020 தொடக்கத்தில் மான்ஸி ஜப்பானுக்குப் போனார்; எட்வினும் ரொமாரியோவும் அஜித்தும் சூப்பர் லீக் அணிகளுக்குப் போனார்கள். 2020-21க்குப் பிறகு ஐ-லீகில் அந்தப் பெயரே இல்லை. சிறியதாக இருப்பது தன்னளவில் ஒரு மதிப்பு என்றால், இல்லாமல் போவது அதைவிடப் பெரிய மதிப்பாக இருக்க வேண்டும். கொஞ்ச காலம் நடந்து நின்றுபோன பத்திரிகைகளைப் பற்றி நாம் எழுதுகிற நினைவுக் கட்டுரைகளில் இந்த அபத்தம் நிறைய இருக்கிறது.

நான் பாதுகாக்க விரும்புவது அணியை அல்ல, தீர்ப்பை. இருபது ஆட்டத்தில் ஆடி எழுதப்பட்ட 43 புள்ளி என்ற தீர்ப்பு. அதை வேறு கூட்டத்தில் கூடி யாரும் திருத்தவில்லை, திருத்தவும் முடியாது. அது எந்த வரிசைக்கு உரியது என்பதை மட்டும்தான் மாற்ற முடிந்தது. விமர்சகனின் வேலை இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளாமல் இருப்பது. சி. சு. செல்லப்பா 1959 முதல் 1970 வரை 'எழுத்து' நடத்தினார், 1998இல் இறந்தார், 'சுதந்திர தாகம்' நாவலுக்கு 2001இல் சாகித்திய அக்காதெமிப் பரிசு வந்தது. பரிசு வந்ததால் அந்த நாவல் ஒரு அங்குலம் உயரவில்லை. வராமல் போயிருந்தால் 'எழுத்து'வின் பக்கங்கள் ஒரு அங்குலம் இறங்கியிருக்கவும் மாட்டா. ஆனால் இதைச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொள்வதும் ஒரு வகை ஏமாற்று. ஏனென்றால் உயிரோடிருக்கிற ஆளுக்கு ஏணி வேண்டும். தரம் காலத்தால் நிலைக்கும் என்பது செத்தவனுக்குச் சொல்லும் ஆறுதல். பதினாறு வயதுப் பையனிடம் அதைச் சொல்ல முடியாது.

சொல்லித்தான் பார்த்தேன். அக்டோபரில் செய்தி வந்தபோது அவன் கேட்டான்: "ஏற முடியாதுன்னா அப்புறம் எதுக்கு மாமா ஆடணும்?" ஆட்டம் ஆட்டத்துக்காகத்தான் என்கிற மாதிரி ஏதோ சொன்னேன். சொல்லும்போதே அது என் காதில் விழுந்த விதம் எனக்குப் பிடிக்கவில்லை. எங்கள் ஊர்ப் பையனுக்கு அந்தக் கேள்வி இன்னும் கொஞ்சம் நீளம். காரைக்கால் அணியில் ஆடி, நூற்று முப்பது கிலோமீட்டர் தள்ளி, நடுவில் தமிழ்நாட்டைத் தாண்டி, புதுச்சேரியில் தேர்வாளர் கண்ணில் பட வேண்டும். சட்டசபையில் முப்பதில் ஐந்து இடம் உள்ள ஊர் இது. காவிரிக் கணக்கில் புதுச்சேரிக்கென்று எழுதிய ஏழு டி.எம்.சி. தண்ணீர் வந்து சேர வேண்டிய கடைமடை. மேலே எல்லோருக்கும் நிறைந்த பிறகு மிச்சம் வரும் என்று காத்திருந்து பழகியவர்கள். ஒரு தேர்வுக்கு அவன் போனான். பெயர்ப் பட்டியல் முன்பே தயாராக இருந்தது என்றான். உண்மையோ, தோற்றவனின் சமாதானமோ, எனக்குத் தெரியாது. அதற்கப்புறம் அவன் ஒழுங்காக ஆடவில்லை.

ஏணி தாமதமாக வந்தது. 2023இல் ஐ-லீகை ஜெயித்து, கட்டணம் இல்லாமல், ஆட்டத்தின் பலத்தால் மட்டும் சூப்பர் லீகுக்கு ஏறிய முதல் அணி ரவுண்ட்கிளாஸ் பஞ்சாப். அதன் பழைய பெயர் மினர்வா பஞ்சாப். 2019 மார்ச்சில் கோவையில் மூன்றாம் நிமிஷத்தில் கோல் போட்டுவிட்டுத் தோற்றுப்போன அதே அணி. அடுத்த வருஷம் முகமதன் ஸ்போர்ட்டிங் ஏறியது. அன்று ஒரு புள்ளியில் தவறவிட்ட ஈஸ்ட் பெங்காலோ, 2020இலேயே முதலீட்டாளர் ஒருவர் துணையோடு மேலே போய்விட்டது. அந்த மாலையில் இரண்டு மைதானங்களிலும் சேர்த்து ஆடிய நாலு அணிகளில் இரண்டு ஏறிவிட்டன, ஒன்று ஐ-லீகிலேயே பின்னால் இரண்டு தடவை சாம்பியனானது. இல்லாமல் போனது ஜெயித்த அணி மட்டும்.

அக்கா மகன் இப்போது துறைமுகத்தில், நிலக்கரி லாரிகளுக்குச் சீட்டு எழுதுகிறான். பஞ்சாப் ஏறிய அன்றைக்கு ராத்திரி அவனிடமிருந்து கைபேசியில் ஒரு வரி வந்தது. "மாமா, அன்னிக்கு நாம தோக்கடிச்சவன் மேல போயிட்டான்."

நாம என்று எழுதியிருந்தான். நாலு வருஷமாகியும் அந்தச் சொல்லை அவன் விட்டுவிடவில்லை. பதிலுக்கு அன்றைய கணக்கை அனுப்பினேன்: மூன்று, ஒன்று. 43, 42. தெரியும் என்று பதில் வந்தது. ஞாயிற்றுக்கிழமை கடற்கரைக்கு வருகிறாயா என்று கேட்டிருந்தேன். அதற்கு இன்னும் பதில் இல்லை.